தகரமும் நகரமும்

விக்டோரியா காலக் கட்டடம் என்றதும் கூர்முகப்பு, செங்கல் கோபுரம், வண்ணக் கண்ணாடி என்றுதான் நினைக்கப் பழகியிருக்கிறோம். நுவரெலியாவில் இவற்றுக்குக் குறைவில்லை. 1852இல் எழுந்த திரித்துவ ஆலயம், 1894இன் செங்கல் தபாலகம், கிராண்ட் ஹோட்டல், அரசியின் பெயரிலேயே ஒரு பூங்கா என எல்லாம் இருக்கின்றன. சுற்றுலாக் கையேடுகள் ‘குட்டி இங்கிலாந்து’ என்று பெயர் சூட்டிவிட்டு அடுத்த பக்கத்துக்குப் போய்விடுகின்றன. அதே வீதியில் இறங்கி, தலவாக்கலையைத் தாண்டிக் கொட்டகலைக்கு வந்தால் இந்த அலங்காரம் எதுவும் இல்லை. ஒரு புகையிரத நிலையம், ஹட்டன் – நுவரெலியா வீதியின் இரு மருங்கிலும் நீளும் கடைவரிசை, சுற்றிலும் டிரேட்டன், மவுண்ட்வேர்ணன், ஸ்டோனிகிளிப் என்று பெயர்கொண்ட தோட்டங்கள், அவற்றின் சரிவுகளில் வெள்ளி வர்ணம் பூசிய ஸ்டோர் என்னும் தேயிலை ஆலை, லயங்கள், மரங்களுக்கு நடுவே ஒரு பங்களா. விக்டோரியாவின் காலம் நுவரெலியாவோடு நின்றுவிட்டது, கொட்டகலைக்கு வரவில்லை என்று எண்ணத் தோன்றும். உண்மை கிட்டத்தட்ட நேர்மாறானது. நுவரெலியாவில் இருப்பவை அந்தக் காலம் தன் முன்னோரைப் பார்த்துப் போட்டுக்கொண்ட வேடம். கூர்முகப்பையும் கோபுரத்தையும் அது மத்திய காலத்திடமிருந்து கடன் வாங்கியது. அது தனதாக்கிப் பெருக்கியவை வேறு: இரும்புச் சட்டகம், நெளிதகரம், பல மாடி ஆலை, ஒரே அச்சில் வார்த்ததுபோன்ற தொழிலாளர் வரிசை வீடு, புகையிரத நிலையம். இந்த ஐந்தும் கொட்டகலையில் இருக்கின்றன.

இங்கிலாந்தில் இந்த ஐந்தும் சேர்ந்த இடமெல்லாம் நகரமாயிற்று. 1801இல் ஏறக்குறைய எழுபதாயிரம் பேர் வாழ்ந்த மான்செஸ்டரில் 1851இல் மூன்று இலட்சம் பேர். லீட்ஸ், பர்மிங்ஹாம், நொட்டிங்ஹாம் என்று எதை எடுத்தாலும் கதை இதேதான்: ஆலை எழும், ஆலையைச் சுற்றி வரிசை வீடுகள் எழும், தண்டவாளம் வரும், பிறகு சந்தை, பள்ளிக்கூடம், நகரசபை, கழிவுநீர்க் குழாய். மலையகத்துக்கும் ஆலை வந்தது, வரிசை வீடு வந்தது, தண்டவாளம் வந்தது. ஒன்றரை நூற்றாண்டு கழிந்தும் நகரம் மட்டும் வரவில்லை. கொட்டகலை இன்றும் வீதியோரத்து ஒற்றைக் கடைத்தெருதான். கட்டடங்கள் நகரத்தை உருவாக்குகின்றன என்ற நம்பிக்கையைச் சோதித்துப் பார்க்க இதைவிட நல்ல களம் கிடைப்பது அரிது. ஒரே காலத்தின், ஒரே தொழில்நுட்பத்தின் உறுப்புகள் ஓரிடத்தில் நகரமாகவும் இன்னோரிடத்தில் தோட்டமாகவும் ஏன் முடிந்தன? விடைக்கு, கூரையிலிருந்து தொடங்குவது வசதி.

நெளிதகரம் 1829இல் லண்டனில் காப்புரிமை பெற்றது. பெற்றவர் ஹென்றி ரொபின்சன் பாமர், லண்டன் துறைமுகக் கம்பனியின் பொறியியலாளர். மெல்லிய இரும்புத் தகட்டைத் தனியே நிறுத்தினால் தன் எடையிலேயே வளைந்து விழும். ஒரு தாளை விசிறிபோல் மடித்து இரண்டு புத்தகங்களுக்கு நடுவே பாலமாக வைத்தால் அது எடை தாங்குகிறதல்லவா, அதே தத்துவம்தான் இங்கும். வளைவை எதிர்க்கும் வலு, பொருள் எவ்வளவு இருக்கிறது என்பதைவிட அது நடுக்கோட்டிலிருந்து எவ்வளவு தள்ளி இருக்கிறது என்பதையே அதிகம் பொறுத்தது. தூரத்தின் இருமடிக்கேற்ப வலு ஏறும். அரை மில்லிமீட்டர்த் தகட்டில் பதினெட்டு மில்லிமீட்டர் ஆழத்துக்கு நெளிவு ஏற்றினால், அதன் விறைப்பு தட்டைத் தகட்டைப்போல ஏறக்குறைய 2,000 மடங்காகிறது. கூடுதலாகச் சேர்ந்த இரும்போ சொற்பம். நெளிவின் பள்ளங்களே மழைநீருக்கு வாய்க்கால். அதனால்தான் ஆணியைப் பள்ளத்தில் அடிப்பதில்லை, முகட்டில் அடிக்கிறார்கள். துருப்பிடிக்கும் குறையும் சீக்கிரமே தீர்ந்தது. 1837இல், விக்டோரியா அரியணை ஏறிய அதே ஆண்டில், பிரான்சில் ஸ்தனிஸ்லாஸ் சொரெல் இரும்பைத் துத்தநாகத்தில் தோய்க்கும் முறைக்குக் காப்புரிமை பெற்றார். இனி கூரையை மடக்கிக் கட்டி, கப்பலேற்றி, உலகின் எந்த மூலைக்கும் அனுப்பலாம். கொத்தனார் வேண்டாம், ஓடு சுடும் சூளை வேண்டாம், கனத்த மரச்சட்டமும் வேண்டாம். விக்டோரியா காலம் உலகுக்கு ஏற்றுமதி செய்த கட்டடப் பொருட்களில் இதைப்போலப் பரவியது வேறில்லை. கலை வரலாற்று நூல்கள் இதற்கு ஒரு பக்கமும் ஒதுக்குவதில்லை.

தகரத்தையும் இரும்புத் தூண்களையும் இயந்திரங்களையும் மலைக்கு ஏற்றிய வழி புகையிரதம். கோப்பி மூட்டைகளை மாட்டு வண்டியில் கொழும்புக்கு இறக்கிச் சலித்த தோட்டக்காரர்களின் நெருக்குதலால் போடப்பட்ட பாதை அது. 1867இல் கண்டி, 1874இல் நாவலப்பிட்டி, 1884இல் ஹட்டன், 1885இல் நானுஓயா. ஹட்டனுக்கும் கொட்டகலைக்கும் இடையே அரைக் கிலோமீட்டருக்கும் அதிகமாக மலையைக் குடைந்து போகும் சிங்கமலைச் சுரங்கம் அந்தக் கடைசிக் கட்டத்து வேலை. கோப்பிக்காகத் திட்டமிட்ட பாதை முடிவதற்குள் கோப்பியே முடிந்துபோயிற்று. 1869இல் மடுல்சீமையில் தென்பட்ட இலைத்துரு நோய் பயிரைத் தின்றுவிட, அதற்கு இரண்டாண்டு முன்பு லூல்கந்துரவில் ஜேம்ஸ் டெய்லர் 19 ஏக்கரில் நட்டிருந்த தேயிலை அந்த இடத்தைப் பிடித்தது. 1875இல் ஆயிரம் ஏக்கரளவில் இருந்த தேயிலை, 1890களின் நடுவில் மூன்று இலட்சம் ஏக்கரை எட்டியது. கோப்பியைக் காயவைத்து மூட்டை கட்டி அனுப்பினால் போதும். தேயிலையைப் பறித்த அன்றே, பறித்த இடத்துக்கு அருகிலேயே பதப்படுத்தியாக வேண்டும். மலைக்கு ஆலை வந்தது இந்தக் கட்டாயத்தால்.

மலையகத்து ஸ்டோரை வெளியிலிருந்து பார்ப்பவருக்கு அது அளவுக்கு மீறி ஜன்னல் வைத்த பெட்டி. அந்த ஜன்னல்களுக்குக் கணக்கு உண்டு. பச்சைக் கொழுந்தில் முக்கால் பங்குக்கு மேல் நீர். உருட்டுவதற்கு முன் அதை வாட்டி, நீரில் பெரும்பகுதியை மெதுவாக வெளியேற்ற வேண்டும். ஆயிரம் கிலோ கொழுந்து வாடி முடிவதற்குள் 400 முதல் 450 கிலோ வரை நீர் ஆவியாகிக் காற்றில் கலக்கிறது. கொட்டகலையின் ஈரக்காற்று ஒரு கனமீட்டருக்கு ஓரிரு கிராமுக்கு மேல் கூடுதல் நீரை ஏந்தாது. அப்படியென்றால் ஆயிரம் கிலோவை வாட்ட இரண்டு இலட்சம் கனமீட்டருக்கும் மேற்பட்ட காற்று இலைகளைத் தொட்டுப் போகவேண்டும். இந்தத் தேவைதான் கட்டடத்தின் உருவத்தை முடிவு செய்தது. இலையை மெல்லிதாகப் பரப்ப நிறையத் தளம் வேண்டும், அதனால் மாடிமேல் மாடி. காற்று குறுக்கே ஓட வேண்டும், அதனால் இருபுறமும் தொடர்ச்சியாக ஜன்னல். தடித்த சுவர் இருந்தால் அத்தனை ஜன்னல் வைக்க முடியாது. ஆகவே பாரத்தை இரும்புத் தூண்கள் தாங்க, சுவர் வெறும் தகரத் திரையாகிவிடுகிறது. மேல்மாடிகளில் சாக்குத்துணித் தட்டுகளை அடுக்கடுக்காக இழுத்துக் கட்டி அவற்றில் கொழுந்தைத் தூவுவார்கள். தென்மேற்குப் பருவத்தில் வாரக்கணக்கில் மூடுபனி இறங்கிக் கிடக்கும்போது ஜன்னலைத் திறந்து பயனில்லை. அப்போது கீழே உலர்த்தும் அடுப்பின் வெப்பக்காற்றை விசிறிகள் மேலே இழுத்துத் தரும். வாடிய இலை தன் எடையாலேயே கீழ்த்தளத்து உருட்டு இயந்திரத்துக்கு இறங்கிவிடும். பாரம் தாங்கும் சட்டகம் வேறு, மூடும் தோல் வேறு என்று பிரிப்பதுதான் பிற்கால வானளாவிகளின் அடிப்படை. சிக்காகோவில் கட்டடக் கலைஞர் ஜென்னி அந்த முறையில் பத்து மாடி எழுப்பியது 1885இல், நானுஓயாவுக்குப் புகையிரதம் வந்த அதே ஆண்டில். மலையகத்து ஸ்டோர் அந்தக் குடும்பத்தில் சேர வேண்டிய கட்டடம். அதைக் கொட்டகை என்று எண்ணி ஒதுக்குவது நம் பார்வையின் குறை.

இந்தத் தொழில்நுட்பம் திரும்பிப் போன வழி இன்னும் சுவாரசியமானது. சாமுவேல் டேவிட்சன் 1864இல் அயர்லாந்திலிருந்து கச்சார் தேயிலைத் தோட்டங்களுக்கு வேலைக்கு வந்தவர். இலையைக் கரி அடுப்பில் வாட்டி உலர்த்தும் பழைய முறையைப் பார்த்துவிட்டு வெப்பக்காற்று உலர்த்தியை உருவாக்கினார். பெல்பாஸ்டில் அவர் தொடங்கிய ‘சிரொக்கோ’ ஆலையின் இயந்திரங்கள் இலங்கை, இந்தியத் தோட்டங்களில் பரவின. உலர்த்திக்குக் காற்றுத் தள்ள நல்ல விசிறி தேவைப்பட்டது. அதைத் தேடிப்போய், முன்நோக்கி வளைந்த பல குறுகிய அலகுகள் கொண்ட மையவிலக்கு விசிறியை 1890களின் இறுதியில் அவர் கண்டுபிடித்தார். அந்த விசிறி சுரங்கங்களுக்கும் கப்பல்களுக்கும் போயிற்று. 1903இல் திறந்த பெல்பாஸ்ட் ரோயல் விக்டோரியா வைத்தியசாலையின் வார்டுகளுக்குக் காற்றைச் சுத்தப்படுத்தி, ஈரப்பதம் பார்த்துத் தள்ளியவையும் சிரொக்கோ விசிறிகளே. கட்டடத்துக்குள் காற்றை ஆளும் கலையின் வரலாற்றை எழுதியவர்கள் அந்த வைத்தியசாலைக்கு முதல் வரிசையில் இடம் தருகிறார்கள். தேயிலை இலைக்காகப் பிறந்த காற்றுக் கணக்கு கடல் தாண்டிப்போய் நோயாளிகளின் நெஞ்சுக்குப் பயன்பட்டது. அதே தோட்டத்தில், ஸ்டோரிலிருந்து கூப்பிடு தூரத்தில் இருந்த லயத்துக்கு அது போகவில்லை.

லயத்தின் அளவுகள் எல்லோருக்கும் தெரிந்தவை. ஒரு காம்பரா ஏறக்குறைய பத்தடிக்குப் பன்னிரண்டடி, முன்னால் ஒரு குறுகிய இஸ்தோப்பு. அப்படிப் பத்துப் பன்னிரண்டு ஒரே வரிசையில். இரட்டை லயம் என்றால் அதே வரிசை முதுகோடு முதுகாக இன்னொன்று. சராசரி எட்டடி உயரம் வைத்தால் காம்பராவின் கொள்ளளவு 27 கனமீட்டர். இனி ஓர் இரவைக் கணக்கிடுவோம். உறங்கும் மனிதர் ஒருவர் மூச்சிலும் தோலிலும் மணிக்குச் சுமார் 40 கிராம் நீரை வெளியேற்றுகிறார். ஐந்து பேர் ஏழு மணி நேரம் உறங்கினால் 1.4 கிலோ. கொட்டகலை 1,200 மீட்டருக்கும் மேலான உயரத்தில் இருக்கிறது. இரவில் உள்ளே 15 பாகை இருந்தால், அந்தக் காம்பராவின் காற்று முழுவதும் சேர்ந்து ஏந்தக்கூடிய நீராவி 350 கிராம்தான். மீதி ஒரு கிலோவுக்கு மேல் எங்கேயாவது போயாக வேண்டும். வெளியே போக வேண்டுமானால் மணிக்கு மூன்று நான்கு தடவை அறைக்காற்று முழுமையாக மாறவேண்டும். இரட்டை லயத்தில் பின்சுவர் அடுத்த வீட்டுக்காரருடையது, எதிர்ப்புறத் திறப்பே கிடையாது. காற்று குறுக்கே ஓட வழியில்லை. தகரத்துக்கும் சுவருக்கும் இடையிலுள்ள நெளிவு இடுக்குகள்தான் ஒரே காற்றுப்பாதை. அவற்றையும் குளிருக்குச் சாக்கும் துணியும் வைத்து அடைத்துவிடுவார்கள், அடைக்காமல் தூங்க முடியாது. எனவே நீர் கூரையில் படிகிறது, அங்கிருந்து சொட்டுகிறது. இரவு முழுவதும் அந்த ஐந்து பேருக்கும் தேவைப்பட்ட காற்று ஏறத்தாழ 700 கனமீட்டர். மேலே ஸ்டோரில், அவர்கள் பறித்துக் கொடுத்த கொழுந்துக்கு இரண்டு இலட்சம் கனமீட்டர் ஓடிக்கொண்டிருந்தது.

கூரையே குளிரைக் கூட்டுகிறது என்பதும் இதோடு சேர வேண்டும். இரவில் எந்தக் கூரையும் தன் வெப்பத்தை வானத்துக்குக் கதிர்வீசி இழக்கிறது. பளபளக்கும் புதுத் தகரம் குறைவாகவே கதிர்வீசும். துருவைத் தடுக்கத் தார் பூசிய தகரமோ கிட்டத்தட்ட முழு வேகத்தில் கதிர்வீசும். தெளிந்த இரவில் அது சுற்றுக்காற்றையும்விடச் சில பாகை கீழே போய்விடும். உள்ளே எழும் ஈரக்காற்று முதலில் தொடுவது அதைத்தான். பகலிலோ அதே கறுப்பு வெயிலை முழுக்க விழுங்குகிறது. இதற்கு மருந்து அந்தக் காலத்திலேயே தெரியும். தகரத்துக்குக் கீழே ஒரு பலகைத் தட்டி, நடுவே காற்று இடைவெளி, முகட்டில் ஒரு திறப்பு. துரையின் பங்களாவில் தட்டியும் இருந்தது, கணப்படுப்பும் புகைபோக்கியும் இருந்தன. லயத்தில் வெறும் தகரம். நெருப்பு விஷயத்திலும் இதே கதை. லண்டனின் 1774ஆம் ஆண்டுக் கட்டடச் சட்டம் அடுத்தடுத்த வீடுகளின் பொதுச்சுவர் கூரைக்கு மேலும் எழ வேண்டும் என்று விதித்தது, ஒரு வீட்டு நெருப்பு இன்னொரு வீட்டுக்குக் கூரை வழியாகத் தாவாமலிருக்க. பல லயங்களில் இடைச்சுவர் கூரையைத் தொடாமலேயே நின்றுவிடுகிறது. கூரையின் அடிப்பகுதி முழுநீளத்துக்கும் ஒரே குகை. ஒரு காம்பராவில் தீப்பிடித்து லயமே எரிந்தது என்ற செய்தியை மலையகம் ஆண்டுதோறும் வாசிக்கிறது. அதை விபத்து என்கிறோம். கட்டடப் படத்திலேயே இருந்த விளைவு அது.

இதற்கு முதல் மறுப்பு எளிதாக எழும்: இங்கிலாந்துத் தொழிலாளியும் அப்படித்தானே வாழ்ந்தார்? வாழ்ந்தார். முதுகோடு முதுகு ஒட்டிய வீடு லீட்ஸிலும் நொட்டிங்ஹாமிலும் ஆயிரக்கணக்கில் எழுந்த வடிவம். எட்வின் சாட்விக்கின் 1842ஆம் ஆண்டுச் சுகாதார அறிக்கை அந்த வீடுகளின் நாற்றத்தையும் மரணத்தையும்தான் பட்டியலிட்டது. நாற்றமே நோய் தருகிறது என்ற அவருடைய கோட்பாடு பிழை. ஆனால் அந்தப் பிழையான கோட்பாட்டிலிருந்து சரியான வீடுகள் பிறந்தன. 1844இல் மான்செஸ்டர், வீட்டுக்கு ஒரு கழிப்பறை என்ற விதியால் புதிய முதுகொட்டு வீடுகளுக்கு மறைமுகமாக முடிவு கட்டியது. 1875இன் பொதுச் சுகாதாரச் சட்டத்தைத் தொடர்ந்து 1877இல் வந்த மாதிரி விதிகள், தெருவின் அகலம் 36 அடி, வீட்டின் பின்னால் 150 சதுர அடி திறந்த வெளி என்று எண்களாகவே சொல்லின. 1909இல் நாடாளுமன்றம் முதுகொட்டு வீடுகளைத் தடைசெய்தது. லீட்ஸ் மட்டும் முரண்டு பிடித்து 1930கள் வரை கட்டிக்கொண்டிருந்தது, அது வேறு கதை. ஆகவே ஒப்பீட்டை ஒரு கணத்தில் நிறுத்தாமல் ஓடவிட்டுப் பார்க்க வேண்டும். 1840இல் லீட்ஸ் தொழிலாளியும் மலையகத் தொழிலாளியும் ஒரேமாதிரி வீட்டில் இருந்திருக்கலாம். 1910இல் லீட்ஸில் அந்த வீடு சட்டத்தின் முன் குற்றவாளி. மலையகத்தில் 1872இன் மருத்துவத் தேவைச் சட்டமும் 1912இன் சட்டங்களும் வைத்தியரையும் மருந்தகத்தையும் கொண்டுவந்தன, ஓரளவு சுகாதாரப் பரிசோதனையும் வந்தது. காம்பராவின் படம் மாறவில்லை. விக்டோரியா காலத்தின் மிகப் பெரிய கண்டுபிடிப்பு எது என்று கேட்டால், இரும்புச் சட்டகத்துக்கு முன்பாக இந்த 36 அடித் தெருவைச் சொல்லலாம். அந்தச் சரக்கு மட்டும் கப்பலேறவில்லை.

இரண்டாவது மறுப்பு தோட்டக்காரர்கள் சொல்லிவந்தது: இவர்கள் தங்க வந்தவர்கள் அல்லர், பருவத்துக்கு வந்து திரும்புகிறவர்கள், இவர்களுக்கு எதற்கு வீடு? கோப்பிக் காலத்தில் இதில் உண்மை இருந்தது. பழம் பறிக்கும் மாதங்களுக்குத் தமிழகக் கிராமங்களிலிருந்து நடந்து வந்து, முடிந்ததும் ஊர் திரும்பியவர்கள் பலர். அவர்களுக்காகப் போட்ட ஒதுங்கிடமே லயம். தேயிலையின் இயல்பு வேறு. ஏழு நாளுக்கோ பத்து நாளுக்கோ ஒரு தடவை அதே செடியில் கொழுந்தெடுக்க வேண்டும். வருடத்தில் ஓய்வே கிடையாது. ஆகவே ஆண் பெண் குழந்தை என்று குடும்பமாகத் தங்கியாக வேண்டும். பயிர் மாறியதும் ஆலையின் வடிவம் அடியோடு மாறியது. கோப்பி ஸ்டோர் இடிந்து தேயிலை ஸ்டோர் எழுந்தது, புது இயந்திரம் வந்தது, தூண் வந்தது. ஓலைக் கூரை போய்த் தகரம் வந்ததைத் தவிர லயம் கோப்பிக் காலத்திலேயே நின்றுவிட்டது. ஓலையோடு ஒப்பிட்டால் தகரம் முன்னேற்றம்தான் என்பதை மறுப்பதற்கில்லை. ஓலையில் எலி குடியேறும், பொறி பட்டால் பற்றிக்கொள்ளும், இரண்டு மூன்று மழைக்காலத்துக்கு ஒருமுறை மாற்ற வேண்டும். ஆனால் இரண்டு கட்டடங்களில் எதைத் திரும்ப யோசிப்பது, எதை அப்படியே விடுவது என்ற தேர்வைப் பொறியியல் செய்யவில்லை. கொழுந்து கெட்டால் ஏலவிலையில் தெரியும். காம்பராவின் ஈரம் எந்தக் கணக்குப் புத்தகத்திலும் ஏறாது.

மூன்றாவது மறுப்பு வலுவானது. மலைச்சரிவில் நகரம் வளராது. மேலும் தேயிலைக்கு ஆட்கள் செடிக்குப் பக்கத்தில் சிதறி இருந்தாக வேண்டும். சரிவு ஒரு தடை என்பது உண்மை. 2014 ஒக்டோபரில் கொஸ்லந்தை மீரியபெத்தையில் மண் சரிந்து லயங்களைப் புதைத்ததை யாரும் மறக்க முடியாது. ஆனால் சரிவு மட்டுமே தடை என்றால் நுவரெலியா எப்படி நகரமாயிற்று? கொட்டகலையைவிட ஆயிரம் மீட்டர் உயரத்திலிருக்கும் உதகைக்கு 1866இலேயே நகராட்சி எப்படி வந்தது? தேயிலையும் லயத்தைக் கேட்பதில்லை. இன்று இலங்கைத் தேயிலையில் பத்தில் ஏழு பங்குக்கு மேல் தருபவர்கள் சிறு தோட்ட உடைமையாளர்கள். காலி, மாத்தறைப் பக்கத்தில் தங்கள் சொந்த நிலத்தில் சொந்த வீட்டிலிருந்து கொழுந்து பறித்து ஸ்டோருக்கு விற்கிறார்கள். அங்கே வேலியும் கிணறும் கடையும் கொண்ட கிராமம் இருக்கிறது. அதே செடி, அதே ஆலை. வேறுபடுவது நிலத்தின் உரிமை.

விடையும் அங்கேதான் இருக்கிறது. 1840இன் முடிக்குரிய நிலச் சட்டம் உறுதி காட்ட முடியாத காட்டையும் சேனையையும் அரசுக்கு உரியதாக்கியது. ஆரம்பத்தில் ஏக்கர் ஐந்து ஷில்லிங்குக்கு அவை பெரும் துண்டுகளாக விற்கப்பட்டன. தோட்டத்தின் எல்லைக்குள் வீதி, தண்ணீர், வீடு, மருந்தகம் எல்லாம் தோட்டத்தின் பொறுப்பு, தோட்டத்தின் உடைமை. எல்லைகள் ஒன்றையொன்று முட்டிக்கொண்டதால், இடையில் மிஞ்சிய வீதியோரக் கீற்றில் மட்டும் கடைத்தெரு எழுந்தது. கொட்டகலையின் கடைவரிசை ஏன் இத்தனை மெல்லிதாக நீள்கிறது என்பதற்கு இதைவிட வேறு விளக்கம் தேவையில்லை. கடையின் பின்சுவருக்கு அப்பால் தேயிலை. மான்செஸ்டரில் ஆலைத் தொழிலாளி வாடகைக்கு இருந்தவர்தான். ஆனால் வீட்டுச் சொந்தக்காரர் ஒருவர், ஆலைச் சொந்தக்காரர் வேறொருவர், தெருவைக் கவனித்தது மூன்றாவதாக ஒரு நகரசபை. வேலை போனாலும் அவர் அதே தெருவில் இருக்கலாம், முன்னறையில் கடை போடலாம், வரி கட்டலாம், வாக்குக் கேட்டு வருபவரிடம் வாய்க்கால் எங்கே என்று சண்டை பிடிக்கலாம். லயத்தில் இந்த மூன்று பேரும் ஒருவரே. இங்கே காலை ஆறு மணிக்கு பிரட்டுக்களத்தில் பேர் எடுக்கிறவரின் கையில்தான் கூரையும் இருந்தது. தோட்டத்தின் செல்வம் வேறெங்கோ நகரமாயிற்று. கொட்டகலையில் ஏற்றிய பெட்டிகள் போய் இறங்கிய கொழும்புக்கு 1865இல் மாநகர சபை கிடைத்தது; 1875இல் தொடங்கிய அலைதாங்கி அதன் துறைமுகத்தை உலகத் துறைமுகமாக்கியது. விக்டோரியா காலக் கட்டடக்கலை மலையகத்தைக் கொண்டு வளர்த்த நகரம் எது என்று கேட்டால், அது இருநூறு கிலோமீட்டர்கூடத் தள்ளியில்லாத அந்தக் கடற்கரையில் இருக்கிறது.

இதெல்லாம் வெள்ளைக்காரன் காலத்துக் கதை என்று ஒதுக்கவும் முடியாது. 1892இன் சிறு நகரச் சுகாதாரச் சட்டம் கடைத்தெருக்களுக்கு ஒரு சபையைத் தந்தபோது தோட்டங்கள் வெளியே நின்றன. 1948இன் குடியுரிமைச் சட்டம் அங்கே வாழ்ந்தவர்களில் மிகப் பெரும்பாலோரை நாடற்றவர்களாக்கியது. 1972இலும் 1975இலும் தோட்டங்கள் அரசுடைமையாயின, 1992இல் நிர்வாகம் பிராந்தியப் பெருந்தோட்டக் கம்பனிகளுக்குப் போயிற்று. நிலத்தின் பெயர்தான் கைமாறியது, காம்பராவில் இருந்தவருக்கு உறுதி வரவில்லை. 1987இன் பிரதேச சபைச் சட்டம் தன் 33ஆம் பிரிவால் தோட்டக் குடியிருப்புகளுக்குச் சபைப் பணம் செலவாவதைத் தடுத்தே வைத்திருந்தது. வாக்குச்சீட்டு உண்டு, வாய்க்கால் இல்லை. அந்தப் பிரிவு திருத்தப்பட்டது 2018இல். சாட்விக்கின் அறிக்கைக்கும் அதற்கும் இடையே 176 ஆண்டுகள். அதே 2018இல்தான் கொட்டகலைக்கும் தனிப் பிரதேச சபைத் தேர்தல் நடந்தது.

இப்போது எழும் தனி வீடுகளை இந்த வரலாற்றோடு வைத்துப் பார்க்க வேண்டும். இந்திய அரசின் உதவியோடு கட்டுபவை 550 சதுர அடி, ஏழு பேர்ச் நிலத்தில். ஏழு பேர்ச் என்றால் 177 சதுர மீட்டர். வீடு அடைப்பது 51. மிச்சம் 126 சதுர மீட்டர். வடிவமைப்பில் குறை சொல்ல நிறைய இருக்கிறது. ஒரே படத்தை எல்லாச் சரிவுகளிலும் ஒட்டுவது பழைய லயப் பழக்கத்தின் தொடர்ச்சி; சமதளத்துக்காக மலையை வெட்டுவது மண்சரிவை அழைப்பது. ஆனாலும் வீட்டின் நான்கு பக்கமும் காற்று போகிறது, சுவர் கூரையைத் தொடுகிறது, இவை சிறிய திருத்தங்கள் அல்ல. அதைவிட முக்கியம் அந்த மிச்ச 126 சதுர மீட்டர். லயத்துக்காரர்கள் இடம் போதாமல் முன்னும் பின்னும் தகரம் இழுத்துக் குசினி இறக்கிக்கொண்டே வந்திருக்கிறார்கள். நிர்வாகத்தின் கண்ணில் அது எப்போதும் அனுமதியில்லாத கட்டடம். உறுதி கையில் உள்ளவர் அதே தகரத்தைச் சட்டப்படி இழுக்கலாம், ஒரு தையல் இயந்திரம் போடலாம், டியூசன் வகுப்பு நடத்தலாம், வீதிப்பக்கச் சுவரை உடைத்துக் கடைக்கதவு வைக்கலாம். பல இடங்களில் வீட்டின் சாவி கைக்கு வந்த பிறகும் உறுதி வரத் தாமதமாகிறது. வீட்டுத் திட்டங்களின் வெற்றியைக் கட்டி முடித்த வீடுகளின் எண்ணிக்கையில் அளக்கும் அறிக்கைகள், கையெழுத்தான உறுதிகளின் எண்ணிக்கையையும் பக்கத்து நிரலில் அச்சிட வேண்டும்.